படித்துறையில் கட்டிய கயிறு

ஹல், இங்கிலாந்து
3 அக்டோபர் 1982

ஷுய்-சாங்,

உன் கடிதமும் லான் அக்காவின் கடிதமும் ஒரே நாளில் வந்து சேர்ந்தன. உன்னுடையது அரைப் பக்கம்: என்ஜின் நன்றாக ஓடுகிறது, மழை விட்டது, உடம்பைப் பார்த்துக்கொள். அக்கா நான்கு பக்கம் எழுதியிருந்தாள். நம் ஹாக் ஷா துறையில் என்ன நடக்கிறது என்று தெரிந்துகொள்ள, கட்டிய புருஷனை விட்டுவிட்டுப் பெரியம்மா மகளைத்தான் நம்ப வேண்டியிருக்கிறது.

அண்ணனின் சாப்பாட்டுக் கடைப் பின்கட்டில், உருளைக்கிழங்கு மூட்டை மேல் உட்கார்ந்து படித்தேன். தின் ஹாவ் அம்மன் கோயில் முன்னால் படகுக்காரர்கள் எல்லோரும் கூடினீர்களாம். படித்துறைக் கட்டணத்தை மூன்று மடங்கு ஏற்றியதற்கு எதிரான மனு அங்கே வாசிக்கப்பட்டதாம். கம்-ஹோ உன் படகின் முனையில் ஏறி நின்று வாசித்தாளாம். "எங்கள் படகு உங்கள் கல்லில் உரசும்போதெல்லாம் எங்கள் பிள்ளைகளின் கஞ்சியில் ஒரு கரண்டி குறைகிறது" என்ற இடத்தில் ஆண்களே கண்ணைத் துடைத்தார்களாம். "என்னமா பேசறா அந்தப் பொண்ணு!" என்று மீன் சந்தை முழுக்க இன்னும் அதே பேச்சாம்.

அந்த வரி என்னுடையது. ஜூலை மாதம், கடையை மூடிய பிறகு, எண்ணெய் நாற்றம் போகாத கையோடு நான்கு முறை அடித்து அடித்து எழுதினேன். கீழே உன் பெயரைக்கூட நான்தான் போட்டேன். "என் எழுத்து நண்டு ஓடுன மாதிரி இருக்கும், நீயே போட்டுடு" என்று நீதான் கேட்டுக்கொண்டாய். நமக்குப் பிள்ளை இல்லை. பிள்ளை இல்லாதவள் எழுதினேன். இரண்டு பிள்ளை பெற்ற விதவை வாசித்தாள். வாசித்தவளுக்குக் கைதட்டல். எழுதியது யார் என்று ஒருவராவது கேட்டார்களா? நீ சொன்னாயா?

அக்கா இன்னொன்றும் எழுதியிருக்கிறாள். கம்-ஹோவின் துணிகள் நம் படகின் கம்பத்தில் காய்கின்றனவாம். அதற்கும் கட்டண உயர்வுக்கும் என்ன சம்பந்தம் என்று எனக்குப் புரியவில்லை. நீதான் சங்கத் தலைவர். விளக்கிச் சொல்.

சோய்-ஹா

●

ஹாக் ஷா
20 அக்டோபர் 1982

சோய்-ஹா,

நான் வாசித்தால் முதல் படகில் இருப்பவனுக்குக்கூடக் கேட்காது. அது உனக்கே தெரியும். கம்-ஹோ மீன் கூவி விற்றுப் பழகியவள். அதனால் அவள் கையில் கொடுத்தேன். எழுதியது நீ என்று எல்லோருக்கும் தெரியும் என்று நினைத்தேன். சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

துணி விஷயம். உயர்த்திய கட்டணத்தைக் கட்ட மாட்டேன் என்று அவள் சொன்னதால் துறைமுக அலுவலகத்தார் அவள் படகைப் பிடித்துக் கரையோரம் சங்கிலி போட்டுவிட்டார்கள். இப்போது பிள்ளைகளோடு தங்கை வீட்டில் இருக்கிறாள். அது மலையடிவாரத்து நிழலில் இருக்கிறது, துணி காய்வதில்லை. நம் படகில் வெயில் அடிக்கிறது. அவ்வளவுதான்.

வழக்கு நீதிமன்றத்தில் பதிவாகிவிட்டது. கட்டணம் சரியா தவறா என்று நீதிபதி பிறகு சொல்வார். அதுவரை படித்துறையை யாரும் மறிக்கக் கூடாது, அலுவலகப் படகு வந்துபோக வழி விட வேண்டும் என்று தடையுத்தரவு போட்டிருக்கிறார். ஒரு நகலைப் படித்துறைத் தூணில் ஒட்டினார்கள். இன்னொன்றை என் கையில் தந்தார்கள். கொடுத்த ஆள், "மீறினா நீதிமன்ற அவமதிப்பு. நேரா ஜெயில்தான், தலைவரே" என்றான். பின்னால் நின்ற கிழவன் கூ, "தாள் நல்லா கெட்டியா இருக்கு, உப்பு மீன் மடிக்கலாம்" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான். ஆனால் தாளை மடித்து, உன் நகைப் பெட்டிக்கு அடியில் வைத்திருக்கிறேன்.

இங்கே ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம் குறைந்துவிட்டது. தீவுக்கு நண்டு தின்னப் போகிறவர்களிடம் கூடுதலாகக் கேட்டால் பஸ் பிடித்து அடுத்த துறைக்குப் போய்விடுகிறார்கள். கட்டணத்தை நாங்களே ஏற்றுக்கொண்டால் கையில் எதுவும் நிற்பதில்லை.

அண்ணிக்கு முதுகு வலி தேவலையா? அவள் எழுந்து நடந்தவுடன் நீ வந்துவிடுவாய் என்றுதான் அனுப்பினேன்.

ஷுய்-சாங்

●

ஹல்
14 நவம்பர் 1982

ஹாக் ஷா படகுக்காரர் சங்கத்தின் மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கு,

தாங்கள் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். தங்கள் படகும் நலமாக இருக்கும். அதைத்தான் மற்றவர்கள் நன்றாகக் கவனித்துக்கொள்கிறார்களே.

லான் அக்கா எழுதிவிட்டாள். நடந்தது இதுதானா என்று தாங்கள் சொல்லுங்கள். ஞாயிற்றுக்கிழமை காலை தாங்கள் டீக்கடையில் இறால் கொழுக்கட்டை தின்றுகொண்டிருந்தீர்கள். அந்த நேரத்தில் கம்-ஹோ தங்கள் படகை எடுத்துப் படித்துறைக்குக் குறுக்கே நிறுத்தி, இந்தத் தூணுக்கும் அந்தத் தூணுக்குமாகக் கயிறு கட்டினாள். கட்டணம் வசூலிக்க வந்த அலுவலகப் படகு கரை சேர முடியாமல் மதியம் வரை தண்ணீரிலேயே ஆடிக்கொண்டிருந்தது. போலீஸ் வந்தது. "இது யார் படகு?" என்று கேட்டார்கள். தாங்கள் ஓடி வந்து, வாயில் கொழுக்கட்டையோடு, "என்னுது" என்றீர்கள். "கட்டினது யார்?" என்றார்கள். தாங்கள் விழுங்கிவிட்டு மறுபடியும், "படகு என்னுதுங்க" என்றீர்கள்.

இப்போது அவமதிப்பு வழக்கு தங்கள் பெயரில்.

ஷுய்-சாங், நடிப்பை விடுகிறேன். நாம் இரண்டு பேரும் அடுத்தடுத்த படகில் பிறந்தோம். ஆறு வயதில் நீ என் அம்மாவின் ஊறுகாய் ஜாடியை உடைத்தாய். அடி விழும் என்று தெரிந்ததும், "சோய்-ஹாதான் தள்ளினா" என்று என்னைக் காட்டிக்கொடுத்தாய். எனக்காக ஓர் அடி வாங்காத வாய், அவளுக்காக இப்படி மூடிக்கொண்டு நிற்கிறதா?

விசாரணையில் உண்மையைச் சொல். "நான் டீக்கடையில இருந்தேன்" என்று மட்டும் சொன்னால்கூடப் போதும், டீக்கடைக்காரனே சாட்சி. சொல்ல முடியாது என்றால் ஏன் என்று எனக்கு எழுது. அவளுக்குப் பிள்ளைகள் இருக்கின்றன என்று எழுதாதே. அந்தக் காரணத்தை மட்டும் என்னிடம் எழுதாதே.

சோய்-ஹா

●

சிறையிலிருந்து
2 டிசம்பர் 1982

சோய்-ஹா,

மூன்று மாதம். இந்நேரம் அக்கா தந்தியே அடித்திருப்பாள்.

இங்கே யாரும் என்னை அடிக்கவில்லை, வேலையும் கடினமில்லை. சலவைக் கூடத்தில் போட்டிருக்கிறார்கள். ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்புகளைத் துவைத்து மடிக்கிறோம். சாப்பாட்டில் மீன் உண்டு, ஆனால் எந்தக் கடலில் பிடித்தது என்று சொல்ல முடியாத மீன்.

நீதிபதி வெள்ளைக்காரர். தலையில் ஆட்டு மயிர்த் தொப்பி. கோபக்காரர் இல்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது. மொழிபெயர்ப்பாளர் வழியாகப் பேசினார்.

"உத்தரவு உங்க கையில கிடைச்சுதா?"

"கிடைச்சுதுங்க."

"புரிஞ்சுதா?"

"புரிஞ்சுதுங்க."

"அப்புறம் யார் கயிறு கட்டினது?"

"படகு என்னுதுங்க."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். "கட்டணம் நியாயமா இல்லையாங்கிறது வேற வழக்கு. அதுல நீங்களே ஜெயிக்கலாம். ஆனா நீதிமன்றம் ஒண்ணு சொன்னா, அது பிடிச்சாலும் பிடிக்காட்டியும் கேட்கணும். வருத்தம் தெரிவிக்கிறீங்களா?"

பின்னால் பெஞ்சு முழுக்க நம் ஆட்கள். வருத்தம் என்று சொன்னால் கட்டணத்துக்கே தலையாட்டியது போல ஆகிவிடும் என்று தோன்றியது. "ஐயா நேரத்தை வீணாக்குனதுக்கு வருத்தம்" என்றேன். நான் கிண்டலாகச் சொல்லவில்லை, ஆனால் எல்லோரும் சிரித்துவிட்டார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. மூன்று மாதம் என்றார். இடையில் மனம் மாறி மன்னிப்புக் கேட்டு எழுதினால் விடுவதைப் பற்றி யோசிக்கலாம் என்றும் சொன்னார்.

எழுத மாட்டேன். சங்கத்தில் எல்லோரும் நிமிர்ந்து நிற்கிறார்கள். நான் உள்ளே இருக்கும்வரை ஒருவனும் புதுக் கட்டணம் கட்ட மாட்டான் என்று கிழவன் கூ சொல்லி அனுப்பியிருக்கிறான்.

நீ கேட்டதற்குப் பதில் இங்கிருந்து எழுத முடியாது. கடிதங்களைப் படித்துவிட்டுத்தான் அனுப்புகிறார்கள்.

ஊறுகாய் ஜாடி எனக்கு நினைவில்லை.

ஷுய்-சாங்

●

ஹல்
19 டிசம்பர் 1982

ஷுய்-சாங்,

உனக்கு முன்னால் இந்தக் கடிதத்தைப் படிக்கிறவருக்கு வணக்கம். ஐயா, உங்களுக்கும் வீட்டில் மனைவி இருப்பார். அவரிடம் எங்கள் கதையைச் சொல்லுங்கள், யார் பக்கம் நியாயம் என்று கேளுங்கள்.

இங்கே பனி கொட்டுகிறது. கிறிஸ்துமஸ் என்று ஊரே குடித்துவிட்டு நம் கடைக்குத்தான் வருகிறது. வறுத்த சோறு, வறுத்த உருளை, மேலே குழம்பு. எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டித் தின்கிறார்கள். நான் கொதிக்கும் எண்ணெய்க்கு முன்னால் நின்றுகொண்டு, செவ்வாய்க்கிழமைகளில் சிறைக்கு யார் வருகிறார்கள் என்று நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

அக்கா சொல்லிவிட்டாள். வாரம் தவறாமல் என் வரிகளை வாசித்தவள்தான் வருகிறாளாம். நீலக் கோட்டு போட்டுக்கொண்டு, ஆரஞ்சுப் பழமும் வெந்நீர் பிளாஸ்க்கும் எடுத்துக்கொண்டு. வாசலில் காவலர், "நீங்க சம்சாரமா?" என்று கேட்டபோது அவள், "இல்லைங்க, சங்கம்" என்றாளாம். சங்கமாம்! அந்தப் பதிலைக் கேட்டு அக்கா சிரித்தாளாம். நான் சிரிக்கவில்லை. ஒரு வாரம் முழுக்க அந்தச் சொல்லை மென்றுகொண்டிருந்தேன். "இல்லை" என்று சொல்வதற்கு முன்னால் அவள் எவ்வளவு நேரம் யோசித்தாள் என்று அக்காவிடம் கேட்டு எழுதினேன். இப்படி ஆகிவிட்டேன். அண்ணன் ஆர்டர் சொன்னால் காதில் விழுவதில்லை. நேற்று இரண்டு முறை கையைச் சுட்டுக்கொண்டேன்.

ஒரு பெயரை இங்கே எழுதினால் போதும். உனக்கு முன்னால் படிக்கிறவர் அதைக் குறித்துக்கொள்வார், நீ வெளியே வந்துவிடுவாய். பேனா முனை வரை வந்த பெயர் அது. எழுதவில்லை. உனக்காகவோ அவளுக்காகவோ இல்லை, அந்த இரண்டு பிள்ளைகளின் முகத்தை எனக்குத் தெரியும். பெரியதுக்கு நான்தான் எண் எழுதச் சொல்லிக்கொடுத்தேன்.

ஆனால் இன்னொருத்திக்காக நீ உள்ளே உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக்கொண்டு என்னால் சும்மா இருக்க முடியாது. இதற்கு மேல் எழுத மாட்டேன். பிறகு உனக்கே தெரியும்.

சோய்-ஹா

●

ஹாக் ஷா
21 ஜனவரி 1983

சோய்-ஹா,

நான் வெளியே வந்துவிட்டேன். உனக்கு இது செய்தி இல்லை.

நடந்ததை முழுக்க எழுதுகிறேன். இந்தக் கடிதத்தைப் படித்ததும் அடுப்பில் போட்டுவிடு.

போன வாரம் என்னைச் சலவைக் கூடத்திலிருந்து கூப்பிட்டு, சட்டை மாற்றச் சொல்லி, நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனார்கள். எதற்கு என்று யாரும் சொல்லவில்லை. கட்டண வழக்காக இருக்கும் என்று நினைத்தேன். அதே நீதிபதி. மேஜையில் ஒரு காகிதம். மொழிபெயர்ப்பாளர் எழுந்து அதை வாசித்தார்.

"நான் படகில் பிறந்தவன். காற்றிலும் என்ஜின் இரைச்சலிலும் வளர்ந்தவன். உரக்கச் சொல்லாத எதுவும் என் காதில் ஏறாது. நீதிமன்றம் அமைதியாகச் சொன்னது. அந்த அமைதியின் கனம் எனக்கு அன்று புரியவில்லை, இங்கே சுவர்களுக்கு நடுவில்தான் புரிந்தது. என் படகு செய்த பிழைக்குத் தலை வணங்கி மன்னிப்புக் கேட்கிறேன்."

முதல் வரியிலேயே கை யாருடையது என்று எனக்குத் தெரிந்துவிட்டது. என்னைவிட நல்லவன் ஒருவன் அந்தக் காகிதத்தில் இருந்தான்.

நீதிபதி என்னைப் பார்த்தார். "இது நீங்க எழுதினதா?"

அரசு வக்கீல் எழுந்தார். காரியத்தைக் கெடுக்கத்தான் எழுந்தார் என்று நினைத்தேன். அவர் நல்லது செய்தார். சங்கத்தின் மனு ஏற்கெனவே கோப்பில் இருக்கிறது, எழுத்தும் கையெழுத்தும் அதோடு ஒத்துப்போகின்றன, எங்களுக்கு ஆட்சேபம் இல்லை என்றார். ஒத்துப்போகாமல் இருக்குமா?

நீதிபதி மறுபடியும் கேட்டார். "சத்தியம் பண்ணியிருக்கீங்க. யோசிச்சுச் சொல்லுங்க. இதை எழுதினது நீங்கதானா?"

யோசித்தேன். இல்லை என்றால், எழுதியது யார் என்று தேடுவார்கள். கொண்டுவந்து கொடுத்த லான் அக்காவைப் பிடிப்பார்கள். அவள் வாய் எவ்வளவு நேரம் தாங்கும் என்று உனக்குத் தெரியும். பொய்க் காகிதம் கொடுத்து நீதிமன்றத்தை ஏமாற்றியவள் என்று உன் பெயர் அங்கே எழுதப்படும். நீ எப்போது இந்த மண்ணில் கால் வைத்தாலும் பிடிப்பார்கள்.

"ஆமாங்க, நான்தான் எழுதினேன்" என்றேன்.

"மனசாரத்தானா?"

"மனசாரத்தாங்க."

பின்னால் பெஞ்சில் நம் ஆட்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை. கம்-ஹோ எழுந்து வெளியே போனாள் என்று பிறகு அக்கா சொன்னாள். கதவு அடித்துச் சாத்தப்பட்டது மட்டும் எனக்குக் கேட்டது.

சோய்-ஹா, நீ கேட்டதற்கு இப்போது பதில் சொல்கிறேன். கம்-ஹோவுக்காக நான் வாயை மூடிக்கொண்டு இருந்தால் போதுமாயிருந்தது. அது சுலபம், நான் எப்போதுமே வாய் மூடி இருக்கிறவன்தான். உனக்காக வாயைத் திறக்க வேண்டியிருந்தது. எல்லோர் முன்னாலும், சத்தியம் செய்துவிட்டு, நான் கேட்காத மன்னிப்பைக் கேட்டேன் என்று பொய் சொல்ல வேண்டியிருந்தது.

துறைக்கு வந்தேன். படகில் யாரோ மீன் குடலைக் கொட்டி வைத்திருந்தார்கள். டீக்கடையில் நான் உட்கார்ந்ததும் மேஜை காலியானது. கிழவன் கூ மட்டும் எழுந்து போகாமல், "மூணு மாசம் பொறுக்க முடியல இல்ல?" என்றான். எனக்கு ஒரு பட்டப்பெயர் வைத்துவிட்டார்கள்: மன்னிப்புக்கார ஷுய். சின்னப் பசங்க படித்துறையிலிருந்து கத்திவிட்டு ஓடுகிறார்கள். மறுநாளே பாதிப் பேர் போய்ப் புதுக் கட்டணத்தைக் கட்டிவிட்டார்கள். தலைவனே காலில் விழுந்த பிறகு நாங்கள் எதற்கு நிற்க வேண்டும் என்று கேட்டார்களாம். சங்கத்தில் புதுத் தலைவரைத் தேர்ந்தெடுத்தார்கள். யாரை என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

உன் காகிதத்தில் ஒரு வரி இருந்தது. "என் மனைவி தொலைவில் தனியாக இருக்கிறாள், அவளுக்குத் தூக்கம் இல்லை." மொழிபெயர்ப்பாளர் அதை வாசித்தபோது மட்டும் நான் தலையைக் குனிந்தேன். மற்ற வரிகளுக்காக உன் மேல் எனக்குக் கோபம் இருக்கிறது. சிறிய கோபம் இல்லை.

ஷுய்-சாங்

●

ஹாக் ஷா
6 மார்ச் 1983

சோய்-ஹா,

நீ எழுதவில்லை. நம் புத்தாண்டுக்குக்கூட ஒரு வரி இல்லை. அண்ணனுக்குப் போன் போட்டேன். "இருக்கா, வேலை செய்யறா, பேசறதில்ல" என்றார். பின்னால் எண்ணெய் பொரிகிற சத்தம் கேட்டது. உன்னைக் கூப்பிடச் சொன்னேன். நீ கையை ஆட்டி மறுத்துவிட்டாய் என்றார்.

இரண்டு விஷயம் நடந்திருக்கிறது.

முதலாவது, கம்-ஹோ நீதிமன்றத்துக்குப் போனாள். யாரும் கூப்பிடாமல் அவளாகவே. நீதிபதி முன்னால் நின்று, "கயித்தைக் கட்டினது நான். அவர் டீக்கடையில இருந்தார். அவர் கேட்ட மன்னிப்பு எனக்கு வேண்டாம், என் தண்டனையை எனக்கே குடுங்க" என்றாளாம். நான் அங்கே போகவில்லை. இரண்டு வாரம் கிடைத்தது. பிள்ளைகள் அவள் தங்கையிடம் இருந்தன. காலையில் நான் அவர்களைப் படகில் பள்ளிக்கு அழைத்துப் போனேன். இதை அக்கா எழுதுவதற்கு முன் நானே எழுதிவிடுகிறேன்.

வெளியே வந்த அன்று படித்துறையில் என்னைப் பார்த்தாள். "உனக்காகப் போகல. உன் மன்னிப்புல என் பங்கும் சேர்ந்திருக்குதேன்னு ராத்திரி தூக்கம் வரல" என்றாள். பிறகு என்னோடு பேசவில்லை.

இரண்டாவது, கட்டண வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது. முறைப்படி முன்னறிவிப்புச் செய்யாமல் ஏற்றியதால் உயர்வு செல்லாது என்று அதே நீதிபதி சொல்லிவிட்டார். தீர்ப்பில் நம் மனுவிலிருந்து ஒரு வரியை எடுத்துப் போட்டிருக்கிறாராம், அந்தக் கஞ்சி வரி. துறையே பட்டாசு வெடித்தது. கம்-ஹோவின் படகைச் சங்கிலி கழற்றிக் கொடுத்தார்கள். அடுத்த வருடம் சரியாக அறிவித்து மறுபடியும் ஏற்றுவார்கள் என்று வக்கீல் சொல்கிறார், ஆனால் இவ்வளவு இருக்காதாம்.

பட்டாசு வெடித்தபோது நான் படகின் பின்பக்கம் உட்கார்ந்து என்ஜினைத் துடைத்துக்கொண்டிருந்தேன். விருந்துக்கு யாரும் கூப்பிடவில்லை. கூப்பிட்டிருந்தால் போயிருப்பேனா என்றும் தெரியவில்லை.

நீ முன்பு கேட்டதில் ஒன்று பாக்கி இருக்கிறது. நேரடியாக நீ கேட்கவில்லை, ஆனால் ஒவ்வொரு கடிதத்திலும் அதுதான் இருந்தது. அவள் படகு முனையில் நின்று வாசித்தபோது பார்க்க எனக்கு நன்றாக இருந்தது. அது பொய்யில்லை. அதற்கு மேல் எதுவும் இல்லை. அதுவும் பொய்யில்லை. இதை எழுதாமல் விட்டால் சுலபமாக இருந்திருக்கும்.

எழுது. திட்டியாவது எழுது.

ஷுய்-சாங்

●

ஹல்
27 மார்ச் 1983

ஷுய்-சாங்,

உன் ஜனவரிக் கடிதத்தை அடுப்பில் போடச் சொன்னாய். போட்டேன். போடுவதற்கு முன்னால் மனப்பாடம் ஆகும்வரை படித்தேன்.

உன்னை வெளியே கொண்டுவந்துவிட்டேன் என்று அந்த வாரம் முழுக்கச் சந்தோஷமாக இருந்தேன். கடையில் பாட்டுக்கூடப் பாடினேன். செவ்வாய்க்கிழமை அவள் ஆரஞ்சுப் பழத்தோடு வந்து, காலி அறையைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போவதை நினைத்து நினைத்து ரசித்தேன். அதுதான் எனக்கு வேண்டியிருந்தது, அதை மறைக்க மாட்டேன். பிறகு உன் கடிதம் வந்தது. மேஜை காலியானது, மீன் குடல், பட்டப்பெயர். உன்னை அவளிடமிருந்து பிடுங்கப் போய், உன்னை எல்லோரிடமிருந்தும் பிடுங்கிவிட்டேன். உன் நாற்காலியையும் அவளுக்கே எடுத்துக் கொடுத்தேன். எழுதாமல் இருந்தது கோபத்தால் இல்லை. எந்த வார்த்தையை எழுதினாலும் அது அந்தக் காகிதத்தில் உன் பெயரால் எழுதிய வார்த்தையாகவே தெரிந்தது.

அவளைப் பார்க்க நன்றாக இருந்தது என்று எழுதியிருக்கிறாய். அதைப் படித்ததும் கையிலிருந்த கரண்டியைச் சுவரில் எறிந்தேன். சுவரில் இன்னும் கறை இருக்கிறது. அண்ணன் கேட்டார், எலி என்று சொல்லிவிட்டேன். ஆனால் அந்த இரவுதான் பல மாதத்துக்குப் பிறகு முழுத் தூக்கம் தூங்கினேன். நீ எதையாவது மறைக்கிறாய் என்று தேடித் தேடிச் சலித்துப் போயிருந்தேன். மறைக்க இருந்ததே அவ்வளவுதான் என்றால் அதோடு நான் குடித்தனம் பண்ணிக்கொள்வேன்.

கம்-ஹோ மேல் எனக்கு இன்னும் பொறாமைதான். இப்போது வேறு காரணத்துக்கு. அவள் நீதிபதி முன்னால் போய் நின்று, "நான்தான் செஞ்சேன்" என்று சொன்னாள். இரண்டு வாரம் உள்ளே இருந்தாள், வெளியே வந்தாள், கணக்குத் தீர்ந்தது. எனக்கு அந்த வழி இல்லை. நான் வாயைத் திறந்தால் நீ சத்தியத்தின் மேல் பொய் சொன்னவன் ஆவாய், உன்னைத் திரும்ப உள்ளே போடுவார்கள். சாகும்வரை நான் இதைச் சொல்ல முடியாது. சொல்ல முடிந்த அவளைப் பார்த்தால் வயிறு எரிகிறது.

சொல்ல முடியாது. ஆனால் வர முடியும்.

அண்ணி எழுந்து நடக்கிறாள், பாத்திரம் தேய்க்கிறாள், என் மேல் எரிந்து விழவும் ஆரம்பித்துவிட்டாள். அண்ணனிடம் சொல்லிவிட்டேன். "அங்க போய் என்ன பண்ணப் போற? ஊரே அவனைப் பார்த்து சிரிக்குதாமே" என்றார். "அதுக்குத்தாண்ணே போறேன்" என்றேன். ஏப்ரல் மாத நடுவில் விமானம். மலைக்குச் சென்று மூதாதையர் சமாதியைத் துடைத்துக் கும்பிடும் நாளுக்குள் வர முடியாது, அதை நீ மட்டும் செய்துவிடு.

விமான நிலையத்துக்கு வராதே. நான் பஸ் பிடித்துத் துறைக்கு வருகிறேன். நீ படகைக் கொண்டுவந்து படித்துறையில் நிறுத்து, பட்டப்பகலில், எல்லோரும் இருக்கும் நேரத்தில். நான் முன்முனையில் உட்காருவேன். அந்தப் பசங்க கத்துவார்கள், மன்னிப்புக்கார ஷுய் என்று. நீ திரும்ப வேண்டாம். அது என் பெயர். நான் திரும்பிப் பார்க்கிறேன்.

சோய்-ஹா